உருமாவும் தண்ணிக் கதவும்

ஸ்ரீ மகா மாரியம்மன் துணை
கோல சிலாங்கூர்
13.5.2025

மோகனா அண்ணிக்கு விஜயராணி எழுதுவது. நானும் நித்தியாவும் இருக்கிறோம். அத்தையின் உடம்பு எப்படி என்று தெரிந்துகொள்ள விரும்புகிறேன்.

சனிக்கிழமை பதினாறாம் நாள் காரியத்தில் இருந்தவர்களை முதலில் எழுதிவிடுகிறேன். பிற்பாடு அங்கே நான் இல்லவே இல்லை என்று யாரும் சொல்ல வேண்டாம். அத்தை இராஜம்மா, நாற்காலியில். நீங்கள், என் கணவரின் அக்கா, அத்தைக்குப் பக்கத்தில். உங்கள் தம்பி யுவனேஸ்வரன். காரியம் செய்துவைத்த உடையப்பன் பண்டாரம். அவர் ஆபீஸில் எழுத்து வேலை பார்க்கும் கிராணி அர்ஜுனன், சாப்பிடாமல் போனவர். என் மகள் நித்தியா. அடுப்படி வாசலில் நான். படத்தில் என் கணவர், தண்ணிக் கதவு பார்த்த சுகுமாரன்.

தாய்மாமன் உயிரோடு இல்லாததால் பண்டாரமே உருமா கட்டினார். போனவர் இடத்தில் ஓர் ஆண்பிள்ளை நிற்க வேண்டும் என்பது சாத்திரம். யுவன் தலையில் துண்டைக் கட்டியதில் எனக்கு வருத்தம் இல்லை. கட்டி முடித்ததும் நீங்கள் சபை நடுவில் சொன்னீர்களே, "உருமா யாரு தலையில ஏறுச்சோ, தண்ணிக் கதவு வேலையும் அவனுக்குத்தான் லா" என்று, அதற்குத்தான் வாய் திறந்தேன். "தலையில கட்டுன துண்டுக்கு அரசாங்கம் வேல கொடுக்காது அண்ணி" என்றேன். இது தவறா? உடனே எரிகிற சூடத்தில் கையடித்து, "இனிமே இவகூட ஒரு வார்த்த பேசுனா நான் செல்லன் மகளே இல்ல" என்று சத்தியம் செய்துவிட்டீர்கள். என் போன் நம்பரையும் தடுத்துவிட்டீர்கள். இனிப் பேச மாட்டேன் என்றுதான் கையடித்தீர்கள். படிக்க மாட்டேன் என்று அடிக்கவில்லை. ஆகவே எழுதுகிறேன்.

வேலையில் இருக்கும்போதே ஒருவர் இறந்தால் அந்த வீட்டில் ஒருவரை அதே வேலைக்கு எடுப்பது இந்த ஆபீஸில் வழக்கம். சட்டம் இல்லை, இரக்கம். குடும்பம் சேர்ந்து ஒரே பெயரைச் சொல்ல வேண்டும். அதில் பெற்ற தாயின் கைநாட்டும் வேண்டும். நாங்கள் குடியிருக்கும் குவார்ட்டர்ஸ் அந்த வேலையோடு சேர்ந்தது. வேலை போனால் வீடும் போகும். நித்தியா இந்த ஆண்டு எஸ்.பி.எம். பரீட்சை எழுதுகிறாள்.

என் பெயருக்கு அத்தையைக் கைநாட்டு வைக்கச் சொல்லுங்கள். அத்தையின் பாதங்களுக்கு என் வணக்கம்.

விஜயராணி


ஓம் சக்தி
பத்தாங் காலி
20.5.2025

விஜயராணிக்கு,

அம்மா உடம்பை விசாரித்திருந்தாய். விசாரிக்கப் பேனா போதும் என்று யார் உனக்குச் சொன்னது? அம்மாவுக்குச் சிறுநீரகம் போய் இரண்டு வருடம் ஆகிறது. திங்கள், புதன், வெள்ளி டயாலிசிஸ். ஊசி குத்திய கையைப் பிடித்துக்கொண்டு ஒரு நாளாவது நீ பக்கத்தில் உட்கார்ந்தாயா? என் தம்பி வந்தான். எனக்குக் கார் ஓட்டத் தெரியாது, வீட்டுக்காரருக்கு ராவாங்கில் ஷிப்ட் வேலை, யுவனும் அப்போது பேக்டரியில். அதனால் சுகுமாரன்தான் கோல சிலாங்கூரிலிருந்து கார் ஓட்டி வந்து அம்மாவைத் தூக்கி ஏற்றி, முடியும்வரை வெளியில் உட்கார்ந்திருந்து, திரும்பக் கொண்டுவந்து விடுவான். "உம் பொண்டாட்டி எங்கடா?" என்று அம்மா கேட்டால், "வீட்ல வேலம்மா" என்பான். அப்படி என்ன வேலை? அரசாங்கத்தில் லீவு நிறைய உண்டு, அவன் லீவு போட்டான். உனக்கு எந்த ஆபீஸ் லீவு கொடுக்கவில்லை?

இப்போது அவன் வேலைக்கு மட்டும் ஓடி வருகிறாய். கடல் ஏறும்போது அந்த இரும்புக் கதவை இறக்க வேண்டும். கடல் இறங்கியதும் தூக்கி, தோட்டத்து மழைத்தண்ணீரை வெளியே விட வேண்டும். கடல் நேரம் பார்த்து வருமா, விடியலில் வரும், நடுப்பகலில் வரும். சேலைத் தலைப்பைச் செருகிக்கொண்டு நீ போய்ச் சுற்றுவாயா? அந்தச் சக்கரம் எந்தப் பக்கம் சுற்றினால் கதவு இறங்கும் என்றாவது தெரியுமா உனக்கு?

யுவனுக்கு பேக்டரி மூடி ஒரு மாதம் ஆகிறது. உருமா கட்டியவன் அவன். வேலை அவனுக்கு. உன்னை நடுத்தெருவில் விடமாட்டான், பயப்படாதே. நித்தியாவுக்கு என் ஆசி.

மோகனா


ஸ்ரீ மகா மாரியம்மன் துணை
கோல சிலாங்கூர்
29.5.2025

அண்ணிக்கு வணக்கம். நலம். அத்தை சுகப்பட வெள்ளிக்கிழமை தோறும் நெய்விளக்குப் போடுகிறேன். அதற்குப் பேனா தேவைப்படவில்லை.

யுவன் என்னை நடுத்தெருவில் விடமாட்டார் என்கிறீர்கள். நான் எங்கே இருப்பது என்பதைக் கொழுந்தனார் தீர்மானிக்கும் நிலை எனக்கு வரக்கூடாது என்றுதான் கேட்கிறேன். அவர் நாளைக்குக் கல்யாணம் செய்வார். வருகிறவள் இரண்டு பெண்களைச் சமையல் அறையில் வைத்துக்கொள்வாளா? நீங்களே வைத்துக்கொள்வீர்களா? நெஞ்சைத் தொட்டு எழுதுங்கள்.

பெண் என்பதற்காக ஆபீஸ் மறுக்காது என்று அர்ஜுனன் சொன்னார். சுங்கை பஞ்சாங் பக்கம் ஒரு மலாய்க்கார அம்மா கதவு பார்க்கிறாராம்.

பதினாறாம் நாள் நீங்கள் விட்டுப்போன சோற்றுச் சட்டி, மூடியோடு, இங்கே கழுவிக் கவிழ்த்து வைத்திருக்கிறேன். யாராவது வந்தால் கொடுத்தனுப்புகிறேன்.

அத்தைக்கு வணக்கம்.

விஜயராணி


ஓம் சக்தி
பத்தாங் காலி
5.6.2025

விஜயராணிக்கு,

சட்டியை எழுதினாய், விளக்கை எழுதினாய், சுங்கை பஞ்சாங்கில் இருக்கிற யாரையோ எழுதினாய். நான் கேட்டது இரண்டே கேள்வி. அம்மாவைப் பார்க்க ஏன் வரவில்லை? சக்கரம் எந்தப் பக்கம் சுற்றும்? இரண்டுக்கும் பதில் இல்லை. இருந்தால்தானே எழுதுவாய்.

அம்மா யுவன் பெயருக்குக் கைநாட்டு வைத்துவிட்டார். நானும் கையெழுத்துப் போட்டேன். ஆபீஸில் கொடுத்தாகிவிட்டது. வீட்டிலிருந்து இரண்டு பெயர் வந்திருக்கிறது, முதலில் தம்பியை மூன்று மாதம் வைத்துப் பார்ப்போம் என்று அங்கே உள்ள பெரிய அதிகாரி, துவான், சொல்லிவிட்டாராம். ஜூலை ஒன்றாம் தேதி அவன் வருவான், அதுவரை ஆபீஸ் ஆள் பார்த்துக்கொள்வாராம். அறையை ஒழித்து வை. ஒன்று சொல்கிறேன், அந்தக் கதவுப் பக்கம் நீ போகாதே. பெண்பிள்ளை கை வைத்தாள் என்று நாளைக்குப் பேச்சு வந்தால் அது அவன் வேலைக்குத்தான் கெடுதல்.

அம்மா காலில் வீக்கம். மற்றபடி நலம்.

மோகனா


ஸ்ரீ மகா மாரியம்மன் துணை
கோல சிலாங்கூர்
7.7.2025

அண்ணிக்கு வணக்கம். அத்தையின் வீக்கம் குறைந்ததா? உப்பைக் குறைக்கச் சொல்லுங்கள்.

ஒரு மாதம் நான் எழுதவில்லை. எழுத உட்கார்ந்தால் கை நல்ல வார்த்தை எழுதவில்லை.

யுவன் வந்துவிட்டார். அவருடைய சட்டையை அண்ணன் மாட்டிய ஆணியிலேயே மாட்டுகிறார். வேறு ஆணி இருக்கிறது என்று காட்டினேன். "ஏன் அண்ணி, ஆணிக்கும் உருமா கட்டணுமா?" என்று கேட்டுச் சிரிக்கிறார். நித்தியா சிரித்துவிட்டாள். நானும் கொஞ்சம் சிரித்தேன் என்பதை மறைக்கவில்லை. பிள்ளை கெட்டவர் இல்லை. வேலையைத்தான் விளையாட்டாக நினைக்கிறார். கதவைத் தூக்கிவிட்டுப் போனைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்துவிடுகிறார். தண்ணீர் திரும்புவது சத்தத்திலேயே தெரியும். அவருக்கு அந்தச் சத்தம் இன்னும் கேட்கவில்லை.

உங்களுக்கு இதை மட்டும் சொல்ல வேண்டும். அமாவாசை, பௌர்ணமியில் கடல் மற்ற நாள் மாதிரி இருக்காது. வருகிற 24ஆம் தேதி ஆடி அமாவாசை. அன்றைக்கு விடிவதற்கு முன்னால் கதவு இறங்கியிருக்க வேண்டும். அன்று அவரை எங்கேயும் கூப்பிடாதீர்கள். இந்தப் பக்கம் செம்பனை எண்ணெய்த் தோட்டம் எல்லாம் இப்போதுதான் மறுநடவு, கன்று. பக்கத்தில் மலாய்க் கம்பத்துக் கிராமத்தார் காய்கறி போட்டிருக்கிறார்கள். உப்புத் தண்ணீர் ஒரு தடவை உள்ளே வந்தால் போதும்.

விஜயராணி


ஓம் சக்தி
பத்தாங் காலி
14.7.2025

விஜயராணிக்கு,

நாங்கள் நலம். உப்பைக் குறைக்க எனக்குத் தெரியும்.

நீ ஆடி அமாவாசையைப் பற்றி எழுதுவாய் என்று தெரியும். என் அப்பா செல்லனுக்குத் தர்ப்பணம் கொடுக்கச் சுகுமாரனை வருடா வருடம் கூப்பிட்டேன். டயாலிசிஸுக்கு வரத் தெரிந்தவன் அமாவாசைக்கு மட்டும் வரமாட்டான். "அன்னைக்கு முடியாதுக்கா" என்பான். நீதான் தடுத்தாய் என்று அப்போதே எனக்குத் தெரியும். அப்பாவுக்கு எள்ளுத் தண்ணீர் இல்லாமல் செய்தாய். இப்போது என் தம்பிக்கும் இல்லாமல் செய்யப் பார்க்கிறாய். உன் புருசன்தானே அவன்? அவன் செத்து வருகிற முதல் ஆடி அமாவாசை. அதற்கும் கதவைக் காட்டித் தடுக்கிறாயே, நீயெல்லாம் வெள்ளிக்கிழமை விளக்குப் போட்டு என்ன பயன்?

24ஆம் தேதி விடியலில் பந்தாய் ரெமிஸ் கடற்கரைக்கு அம்மாவைக் கூட்டி வருகிறேன். உடையப்பன் பண்டாரத்துக்கு அன்று நிறைய பேர், நமக்கு முதல் ஆளாக நேரம் கொடுத்திருக்கிறார். யுவன் வருவான். கொள்ளி வைத்தவன், உருமா கட்டியவன் அவன், அவன் கையால்தான் எள்ளுத் தண்ணீர். நீ குறுக்கே வராதே.

மோகனா


ஸ்ரீ மகா மாரியம்மன் துணை
கோல சிலாங்கூர்
26.7.2025

அண்ணிக்கு,

தர்ப்பணம் நன்றாக முடிந்ததாக யுவன் சொன்னார். அத்தை மணலில் நடக்க முடியாமல் அழுதார்களாம். மனம் கஷ்டமாக இருந்தது.

இங்கே நடந்ததை எழுதுகிறேன். முதல்நாள் சாயந்தரம் நல்ல மழை. கடல் இறங்கியிருந்த நேரத்தில் யுவன் கதவைத் தூக்கி மழைத்தண்ணீரை விட்டார். அதுவரை சரி. பிறகு விடிவதற்கு முன்னால் உங்கள் போன் வந்தது. "பண்டாரம் காத்திருக்காரு, பூ வாங்கிட்டு ஓடியாடா" என்று நீங்கள் போட்ட சத்தம் எனக்கே கேட்டது. "போயிட்டு ஏழு மணிக்குள்ள வந்துர்றேன் அண்ணி" என்று மோட்டார் சைக்கிளை எடுத்துவிட்டார். "கதவு, கதவு" என்று பின்னாலேயே ஓடினேன். கேட்கவில்லை.

கதவைத் தொடாதே என்று எழுதியிருந்தீர்கள். வாசலில் நின்றுகொண்டு உங்கள் வார்த்தையை நினைத்தேன். நினைக்கும்போதே கால்வாயில் தண்ணீர் பின்னோக்கித் திரும்பிவிட்டது. நித்தியாவை எழுப்பிக் கூட்டிப்போனேன். ஒரு மட்டை வந்து கதவின் கீழே மாட்டியிருந்தது. அவள் கழியால் தள்ள, நான் சுற்றினேன். கன்றுகள் தப்பின. காய்கறிப் பாத்தியில் கரையோரம் இரண்டு வரிசை போய்விட்டது. பாத்திக்கார மலாய்ப் பெரியவர், பாக் சிக், வந்து நின்று பார்த்துக்கொண்டே இருந்தார். அவர்தான் ஆபீஸில் சொல்லியிருக்கிறார்.

அர்ஜுனன் வந்து, "அக்கா, நீங்களா சுத்துனீங்க? எப்பக் கத்துக்கிட்டீங்க?" என்று கேட்டார். காப்பி கொடுத்து அனுப்பினேன்.

விஜயராணி


ஓம் சக்தி
பத்தாங் காலி
4.8.2025

விஜயராணிக்கு,

நலம் விசாரிக்கும் நிலையில் நான் இல்லை.

யுவனை நிறுத்திவிட்டார்கள். வயிறு குளிர்ந்ததா? அவன் இங்கே வந்து சுவரைப் பார்த்துக்கொண்டு படுத்திருக்கிறான். "என் தப்புதான்க்கா" என்கிறான், வெகுளி. எனக்குத் தெரியாதா? இரண்டு கடிதமாகச் சக்கரம் எந்தப் பக்கம் சுற்றும் என்று கேட்டேன், வாயைத் திறக்காதவள் நீ. இன்றைக்கு மட்டும் எப்படிச் சுற்றினாய்? அந்தச் சக்கரத்தைச் சுற்ற யுவனுக்கே இரண்டு நாள் கற்றுக்கொடுத்தார்களாம். அவன் கதவை இறக்கிவிட்டுத்தான் வந்திருப்பான். நீ பின்னால் போய்த் தூக்கி விட்டுவிட்டு, அப்புறம் ஊர் பார்க்க இறக்கி நல்ல பேர் வாங்கியிருக்கிறாய். புருசனுக்கு எள்ளுத் தண்ணீர் விடுகிற நேரத்தில் கடலைத் திறந்து விட்டவள் நீ.

இதை அப்படியே துவானுக்கு எழுதப் போகிறேன். மலாயில் எழுத ஆள் பார்த்துவிட்டேன். உனக்கு அந்த வேலையும் இல்லை, வீடும் இல்லை. மாரியம்மன் இருக்கிறாள்.

மோகனா


ஸ்ரீ மகா மாரியம்மன் துணை
கோல சிலாங்கூர்
11.8.2025

அண்ணிக்கு வணக்கம். அத்தைக்கு வணக்கம். இது ஒன்றை மட்டும் அத்தைக்குப் படித்துக் காட்ட வேண்டாம்.

கதவு வலப்பக்கம் சுற்றினால் இறங்கும், அண்ணி. பாதியில் கெட்டியாகும். அங்கே நிறுத்தாமல் உடம்பைக் கொடுத்து அழுத்த வேண்டும். இரண்டு வருடமாகத் திங்கள், புதன், வெள்ளி நான்தான் அதைச் சுற்றினேன்.

அரசாங்கத்தில் லீவு நிறைய உண்டு என்று எழுதினீர்கள். மனிதருக்கு உண்டு. கதவுக்கு லீவு கிடையாது. உங்கள் தம்பி லீவு போட்டுவிட்டு வரவில்லை. போட்டால் வேறு ஆள் அனுப்புவார்கள், வாரம் மூன்று நாள் யார் அனுப்புவார்? ஆபீஸில் சொல்லாமல், என்னை அந்தச் சக்கரத்தில் நிறுத்திவிட்டு வந்தார். "எங்கம்மாவ நான் ஏத்திட்டுப் போறேன், நீ என் கதவ இறக்கு" என்பார். நாங்கள் இரண்டு பேரும் ஒரே நாளில் வீட்டை விட்டுப் போக முடியாது. உங்கள் முதல் கேள்விக்கும் அதுதான் பதில். அத்தையிடம் சொல்லவே கூடாது என்று கேட்டுக்கொண்டார். தெரிந்தால் காரில் ஏறமாட்டார்கள் என்றார். அமாவாசையில் என்னைத் தனியாக விட அவருக்கு மனம் வரவில்லை, அதனால்தான் அப்பா தர்ப்பணத்துக்கு வரவில்லை. நான் தடுக்கவில்லை. போங்கள் என்றுதான் சொன்னேன்.

கடைசி வெள்ளிக்கிழமையும் உங்கள் வீட்டிலிருந்து வந்தார். "இன்னைக்கு நீ படு, நான் பாத்துக்கிறேன்" என்று கதவுப் பக்கம் போனவர்தான், சக்கரத்தின் மேலேயே சாய்ந்து போய்விட்டார்.

இப்போதைக்குக் கதவை என்னிடம் விட்டிருக்கிற துவான் என்னைக் கூப்பிட்டு, எப்படித் தெரியும் என்று கேட்கிறார். நான் உள்ளதைச் சொன்னால், வேலைக்காகப் பெண்டாட்டி செத்தவன் மேல் போட்ட பழி ஆகும். சொல்லாவிட்டால் நீங்கள் எழுதப்போகும் பழி என் மேல் நிற்கும். அந்த நாட்களில் அவர் எங்கே இருந்தார் என்பதைப் பார்த்தவர் நீங்கள் ஒருவர்தான். நீங்கள் சொன்னால், தாய்க்குச் செய்தான் என்று ஆகும்.

என்னோடு பேச வேண்டாம். உங்கள் சத்தியம் உங்களோடு இருக்கட்டும். துவானோடு பேசுங்கள்.

விஜயராணி


ஓம் சக்தி
பத்தாங் காலி
18.8.2025, திங்கள்

விஜயராணிக்கு,

வியாழக்கிழமை உன் கடிதம் வந்தது. அம்மாவுக்குப் படிக்க வேண்டாம் என்று முதலிலேயே எழுதியிருந்தாய். எப்போதும் போல அம்மா பக்கத்தில் உட்கார்ந்து சத்தமாகத்தான் பிரித்துப் படித்தேன். அந்த வரி வந்ததும் நிறுத்தினேன். "யாரு, விஜயாவா? நிறுத்தாத, படி" என்றார். எங்களைப் பெற்றவருக்கு முன்னால் என்னால் பொய் படிக்க முடியவில்லை.

வெள்ளிக்கிழமை அம்மா டயாலிசிஸுக்குப் போகவில்லை. சுகுமாரன் போனபின் பேசிவைத்த வாடகைக் கார் வந்து நின்றது. "எம் புள்ளைய வேலைய விட்டு ஓடவெச்ச கார் சவாரி" என்று கதவைப் பிடித்துக்கொண்டு ஏறமாட்டேன் என்றுவிட்டார். இன்றைக்கும் அப்படியே. முகமெல்லாம் வீங்கிவிட்டது. டாக்டரைக் கூப்பிட்டுப் பார்த்தோம், யுவன் காலில் விழுந்து பார்த்தான்.

காலையில் நான் பஸ் பிடித்து உன் ஆபீஸுக்குப் போய் வந்தேன். எழுதிவைத்திருந்த அந்த மலாய்க் கடிதத்தைக் கொண்டுபோகவில்லை. எனக்குத் தெரிந்த மலாயில், அர்ஜுனன் கொஞ்சம் எடுத்துக்கொடுக்க, திங்கள் புதன் வெள்ளி என் தம்பி எங்கே இருந்தான் என்று சொன்னேன். வேலையை விட்டுப்போனது குற்றம்தான் என்றார் துவான். "ஆமாம் துவான், எங்க வீட்டுக் குற்றம்" என்றேன். எழுத எடுத்த பேனாவை மூடி வைத்துவிட்டார். அப்புறம், "மனைவி பெயருக்குத் தாயின் கைநாட்டு கொண்டுவாருங்கள், மேலே அனுப்புகிறேன்" என்றார். உன் வீட்டைத் தாண்டித்தான் பஸ் ஏறினேன். நீ துணி காயப்போட்டுக்கொண்டிருந்தாய். கூப்பிடவில்லை. சத்தியம் இருக்கிறது.

புதிய தாளை அம்மா முன்னால் வைத்தேன். அதற்கும் கை நீட்டவில்லை. "விஜயா வந்து எம்முகத்தப் பாத்துச் சொல்லட்டும், எம்புள்ள செத்தது என்னாலயான்னு. அப்பறம் கைநாட்டும் வைக்கிறேன், காருலயும் ஏறுறேன்" என்கிறார். நான் சொன்னால் கேட்கமாட்டார். நான் உன்னைத் திட்டியதை இத்தனை மாதம் கேட்டவர் அவர்.

உன்மேல் எனக்கு இன்னும் கோபம் இருக்கிறது. முதல் நாளே வாயைத் திறந்திருந்தால் நான் சூடத்தில் கையடித்திருக்க மாட்டேன். நீ வந்தாலும் நான் பேசமாட்டேன். சோறு போடுவேன். அந்தச் சட்டியைக் கையோடு கொண்டுவா.

புதன்கிழமை காலையில் அடுத்த முறை. அதையும் விட்டால் அம்மா தாங்கமாட்டார் என்று சொல்லிவிட்டார்கள். அன்றைக்குக் கதவை யுவன் பார்க்கட்டும், அர்ஜுனனிடம் சொல்லிவிட்டேன். எந்தப் பக்கம் சுற்றுவது என்று நித்தியா பக்கத்தில் நின்று சொல்லட்டும்.

தபாலில் போட நேரமில்லை. யுவன் கையில் கொடுத்தனுப்புகிறேன், வாசலில் நிற்பான். புதன்கிழமை வருவாயா, மாட்டாயா என்று இப்போதே எழுதி அவனிடம் கொடு.

மோகனா